நகல் சில்லின் குரல்

சென்ற ஆண்டு தீபாவளி விடுமுறையில் மயிலாடுதுறைக்குப் போயிருந்தபோது, அண்ணன் மகன் மடிக்கணினியில் 'காண்ட்ரா' ஆடிக்கொண்டிருந்தான். நானும் அண்ணனும் பள்ளிப் பருவத்தில் ஆடித் தீர்த்த அதே ஆட்டம். அதே இரண்டு வீரர்கள், அதே காடு. காப்பித் தம்ளருடன் கூடத்துக்கு வந்த அண்ணன் சற்று நேரம் அப்படியே நின்றார். திரையைப் பார்க்கவில்லை, கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார்: "இது நம்ம காண்ட்ரா இல்லடா. இது என்னத்துக்கு இப்படி ஓடுது?"

எனக்கும் அப்படித்தான் பட்டது. மெட்டு அதேதான். ஆனால் யாரோ பின்னாலிருந்து துரத்துவதுபோல் விரைந்தது. குரலும் வேறாக இருந்தது. எங்கள் நினைவில் சற்றே உள்ளொடுங்கி, குழலோசைபோல் ஒலித்த இடங்கள் இங்கே மூக்கால் பாடுவதுபோல் கூர்மையாக ஒலித்தன. பையன் இணையத்தில் தேடிப் பார்த்துவிட்டு, இதுதான் அசல் என்றான். முப்பது ஆண்டுகளுக்கு முந்தைய எங்கள் நினைவு பிழைத்திருக்கலாம் என்று மரியாதையாகவும் சொன்னான்.

நான் முதுகலை மாணவர்களுக்குப் பதிப்பியல் தாள் நடத்துபவன். இரண்டு ஏடுகள் வேறுபடும்போது ஒன்றைப் பிழை என்று உடனே ஒதுக்கிவிடக் கூடாது என்பதுதான் அந்தத் தாளில் நான் சொல்லும் முதல் பாடம். அண்ணனின் காதையும் ஓர் ஏடாகக் கருதித் தேடத் தொடங்கினேன். அந்தத் தேடல் நான் இதுவரை கேள்விப்பட்டிராத ஒரு துறைக்கு இட்டுச் சென்றது. உரிமம் பெறாமல் செய்யப்பட்ட விளையாட்டுக் கருவிகளும் கேசட்டுகளும் எழுப்பிய இசையை, அவை ஒலித்தபடியே மீட்டெடுக்கும் முயற்சி அது. ருஷ்யாவிலும் போலந்திலும் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் சிலர் இதைத் தம் ஓய்வு நேரங்களில் செய்துவருகிறார்கள். அண்ணன் சொன்னது சரி என்பதும் அவர்கள் எழுதி வைத்தவற்றிலிருந்துதான் தெரிந்தது.

1993-இல் மாமா பர்மா பஜாரிலிருந்து வாங்கிவந்த எங்கள் 'டிவி கேம்', ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 1983 ஜூலையில் வெளியிட்ட 'ஃபேமிலி கம்ப்யூட்டர்' என்ற கருவியின் நகல். அசல் கருவியின் உயிர் ரிக்கோ நிறுவனம் செய்த 2ஏ03 என்னும் சில்லில் இருந்தது. கணக்கிடும் பகுதியும் இசைக்கும் பகுதியும் அந்த ஒரே சில்லில் அடக்கம். கணக்கிடும் பகுதி 1975-இல் வெளிவந்த 6502 என்ற அமெரிக்கச் சில்லின் வடிவமே. அதன் தசமக் கணக்குப் பகுதி மட்டும் வேலை செய்யாதபடி துண்டிக்கப்பட்டிருக்கிறது. அந்தப் பகுதிக்குத் தனிக் காப்புரிமை இருந்ததால்தான் இந்த அறுவை என்பது பலரது கருத்து. அசல் என்று நாம் சொல்வதன் கருவறையிலேயே இப்படியொரு நகல் குடியிருப்பதை இந்தக் கதை முழுவதும் நினைவில் வைத்திருப்பது நல்லது.

இசைக்கும் பகுதிக்கு ஐந்து குரல்கள். இரண்டு சதுர அலைக் குரல்கள் பெரும்பாலும் மெட்டைச் சுமக்கும். முக்கோண அலைக் குரல் ஒன்று அடித்தொனிக்கு. இரைச்சல் எழுப்பும் குரல் ஒன்று. தாளக்கருவிகளும் வெடியோசையும் அதன் வேலை. ஐந்தாவது, பதிவு செய்த ஒலித்துணுக்குகளைக் கரகரப்பாக ஒலிக்கச் செய்வது. நினைவகத்தை அது விழுங்கிவிடும் என்பதால் பலர் அதைத் தொடவே இல்லை. முக்கோணக் குரலுக்கு ஒலியளவைக் கூட்டிக் குறைக்கும் வசதி கிடையாது. பாடும், அல்லது பாடாது, அவ்வளவுதான். அதன் அலையும் வழுவழுப்பான முக்கோணம் அன்று, முப்பத்திரண்டு படிகளால் ஆன ஏணி. எங்கள் தொலைக்காட்சியின் சிறு ஸ்பீக்கரில் அந்த அடித்தொனியின் அடிப்பகுதி கேட்காது; ஏணிப்படிகளின் உரசல் மட்டும் ஒரு முனகலாக வெளிவரும். இன்றைய நல்ல ஒலிபெருக்கியில் அதைக் கேட்பவர்கள் 'எவ்வளவு ஆழமான தொனி' என்று வியக்கிறார்கள். நாங்கள் அந்த ஆழத்தைக் கேட்டதே இல்லை.

இவ்வளவு சிறிய வாத்தியக் குழுவை வைத்துக்கொண்டு அக்கால இசையமைப்பாளர்கள் செய்த தந்திரங்கள் தனிக் கட்டுரைக்கு உரியவை. மூன்று சுரங்களை ஒரே நேரத்தில் எழுப்பக் குரல் போதாதபோது, அவற்றை நொடிக்குப் பல முறை மாற்றி மாற்றி ஒரே குரலில் பாடவைப்பார்கள். காது அதை ஒரு நடுங்கும் கூட்டொலியாக ஏற்றுக்கொள்ளும். இரண்டாவது சதுரக் குரலில் அதே மெட்டைச் சற்றுத் தாமதமாகவும் மெல்லவும் பாடவைத்தால், ஒரு பெரிய மண்டபத்தில் எதிரொலிப்பதுபோல் இருக்கும். வறுமையில் செம்மை என்று நம் புலவர்களைப் பற்றிச் சொல்வோமே, அந்த வகை.

உரிமம் என்ற சொல்லின் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். நிண்டெண்டோ தன் கருவியை 1985-இல் அமெரிக்காவுக்குக் கொண்டுசென்றபோது, அதில் ஒரு பூட்டுச் சில்லை வைத்தது. இணைச் சில்லு உள்ள கேசட் மட்டுமே அதில் ஓடும். அந்தச் சில்லை நிண்டெண்டோ மட்டுமே கொடுக்கும். அட்டாரி கேம்ஸ் நிறுவனம் 'டெங்கன்' என்ற பெயரில் தன் சொந்தக் கேசட்டுகளை வெளியிட்டபோது வழக்கு வந்தது. அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகத்தில் வைக்கப்பட்டிருந்த பூட்டின் நிரலை, பொய்யான காரணம் சொல்லி நகலெடுத்து வந்திருக்கிறார்கள் என்று 1992-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் கண்டது. வேறு சிலர், கருவி உயிர்பெறும் கணத்தில் பூட்டுச் சில்லின்மீது மின்னழுத்தத்தைச் செலுத்தி அதை மயங்கவைக்கும் வழியைக் கண்டார்கள். இப்படி வெளிவந்த ஆட்டங்களில் பல, ஆட்டங்களாகத் தேறாதவை. ஆக்டிவ் எண்டர்பிரைசஸ் என்ற அமெரிக்க நிறுவனத்தின் 'சீட்டாமென்' அவற்றில் ஒன்று. அதன் இரண்டாம் பாகம் முறையாக வெளிவரவே இல்லை. 1996-இல் ஒரு கிடங்கில் சுமார் 1500 கேசட்டுகள் கண்டெடுக்கப்பட்டன. ஆட்டம் பரிதாபமானது. ஆனால் அதன் இசையைப் பிற்காலத்தில் ஜப்பானிய இளைஞர்கள் கொண்டாடி, நூற்றுக்கணக்கான வடிவங்களில் மறுபடி மறுபடி இசைத்தார்கள். நூல் அழிந்து, அதிலிருந்த ஒரு பாட்டு மட்டும் மேற்கோளாகப் பிழைத்திருப்பதைப் போன்றது இது.

ஆசியாவின் கதை வேறு. ஜப்பானியக் கருவியில் பூட்டே இல்லை. ஆகவே அதை நகலெடுத்தவர்களுக்கும் பூட்டைப் பற்றிய கவலை இல்லை. தைவானில் 1980-இல் தொடங்கப்பட்ட யுனைடெட் மைக்ரோஎலக்ட்ரானிக்ஸ் நிறுவனம், ரிக்கோ சில்லுக்கு இணையான யூஏ6527 என்ற சில்லைச் செய்தது. பின்னாளில் ஒரு கருவி முழுவதையும் ஒரே சில்லில் அடக்கும் அளவுக்கு இந்தத் தொழில் வளர்ந்தது. இந்தச் சில்லுகளைச் சுற்றி உலகின் பாதி குழந்தைப் பருவம் கட்டப்பட்டது என்றால் அது மிகையாகாது. போலந்தில் அதன் பெயர் 'பெகாசஸ்'. சீனாவில் விசைப்பலகையும் சேர்த்து, படிப்புக்கான கணினி என்று பெற்றோரிடம் சொல்லத்தக்க வடிவில் 'சுபோர்' விற்பனைக்கு வந்தது. சோவியத் ஒன்றியம் உடைந்து ஓராண்டுகூட முழுதாகக் கடவாத 1992 டிசம்பரில், ஸ்டீப்லர் என்ற ருஷ்ய நிறுவனம் ஒரு யானைக்குட்டியைச் சின்னமாக வைத்து 'டெண்டி'யை விற்கத் தொடங்கியது. ருஷ்யாவில் அசல் கருவி முறையாக விற்பனைக்கு வந்ததே இல்லை. ஒரு தலைமுறை ருஷ்யர்களுக்கு, வீட்டுத் தொலைக்காட்சியில் ஆடும் ஆட்டம் என்றால் டெண்டிதான்.

அண்ணனின் காதுக்கு இங்கேதான் விடை இருக்கிறது. ஜப்பானிலும் அமெரிக்காவிலும் தொலைக்காட்சி நொடிக்கு 60 முறை திரையைப் புதுப்பிக்கும். இந்தியாவிலும் ருஷ்யாவிலும் ஐரோப்பாவின் பெரும்பகுதியிலும் 50 முறை. ஆட்டத்தின் இசை நிரலோ திரை ஒவ்வொரு முறை புதுப்பிக்கப்படும்போதும் ஓரடி எடுத்துவைக்கும்படி எழுதப்பட்டிருக்கிறது. திரையே அதற்குத் தாளம் போடுகிறது. ஜப்பானில் ஒரு நிமிடத்தில் முடியும் மெட்டு எங்கள் வீட்டில் முடிய 72 நொடி ஆகும். மயிலாடுதுறையின் காண்ட்ரா உண்மையாகவே மெதுவாகத்தான் நடந்தது.

சுருதியின் கதை இன்னும் சுவையானது. இந்தச் சில்லில் ஒவ்வொரு சுரமும், சில்லின் கடிகாரத் துடிப்பை ஓர் எண்ணால் வகுத்துப் பெறப்படுகிறது. ஜப்பானியச் சில்லின் கடிகாரம் நொடிக்கு ஏறத்தாழ 17,90,000 முறை துடிக்கும். அதை 16-ஆலும் பிறகு 254-ஆலும் வகுத்தால், இசைக் கலைஞர்கள் சுருதி சேர்க்கப் பயன்படுத்தும் 440 என்ற அதிர்வெண் கிட்டும். நிண்டெண்டோ ஐரோப்பாவுக்கென்று செய்த அதிகாரபூர்வக் கருவியில் கடிகாரம் மெதுவானது. அதே கணக்கு அங்கே 409-ஐத் தரும்; ஓர் அரைச்சுரத்துக்கும் மேலான இறக்கம். ஐரோப்பாவுக்கென்று எண்களைத் திருத்தாமல் விட்ட ஆட்டங்கள் அங்கே மெதுவாகவும் தாழ்ந்தும் பாடின. தைவான் நகலின் 50 முறைத் திரைக்கான சில்லு அப்படியன்று. ஜப்பானிய ஆட்டங்கள் ஒரு திருத்தமும் இன்றி ஓட வேண்டும் என்பதே அதன் பிழைப்பு. அதனால் கடிகாரத்தை வேறு விதமாகப் பகுத்து, 436 வரை நெருங்கிவிட்டார்கள். அரைச்சுரத்தில் ஆறில் ஒரு பங்குதான் குறைவு; தேர்ந்த காதுக்கன்றி அது தெரியாது. சுருதி விஷயத்தில், உரிமையாளரின் ஐரோப்பியக் கருவியைவிட உரிமம் இல்லாதவரின் நகல் மூலத்துக்கு விசுவாசமாக இருந்திருக்கிறது.

ஆனால் அதே நகல் இன்னொரு இடத்தில் தவறியது. சதுர அலை என்று சொன்னேன் அல்லவா, அது எப்போதும் சரிசமச் சதுரம் அன்று. ஒரு சுற்றில் அலை எவ்வளவு நேரம் மேலே நிற்கிறது என்ற விகிதத்தை இசையமைப்பாளர் தேர்ந்தெடுக்கலாம்: எட்டில் ஒரு பங்கு, கால், அரை, முக்கால். அரைப் பங்கு நின்றால் உள்ளீடற்ற மூங்கிலின் குரல். கால் பங்கு நின்றால் பிரகாசமான, சற்று மூக்கடைத்த குரல். எந்த எண் எந்த விகிதத்தைக் குறிக்கும் என்ற அட்டவணையில், யுனைடெட் மைக்ரோஎலக்ட்ரானிக்ஸ் சில்லுகளிலும் அவற்றின் வழிவந்த பல நகல்களிலும் காலும் அரையும் இடம் மாறிவிட்டன. ஜப்பானில் நாகசுரமாக எழுதப்பட்டது இங்கே புல்லாங்குழலாகவும், புல்லாங்குழலாக எழுதப்பட்டது நாகசுரமாகவும் ஒலித்தன என்று ஒரு தோராயத்துக்குச் சொல்லலாம். மெட்டில் ஒரு சுரம்கூட மாறவில்லை. பாடகர்கள் மட்டும் இருக்கை மாறி உட்கார்ந்துவிட்டார்கள்.

ஏட்டுச் சுவடியோடு பழகியவர்களுக்கு இது புதிதன்று. ரகரமும் காலும் ஒன்றுபோல் எழுதப்பட்டதால், ஒற்றுக்குப் புள்ளி இடப்படாததால், எத்தனை சொற்கள் உருமாறின என்பதை நாம் அறிவோம். உ.வே.சாமிநாதையர் 1894-இல் புறநானூற்றைப் பதிப்பித்தபோது, தமக்குச் சரியென்று பட்ட பாடத்தை மேலே வைத்து, ஏனைய ஏடுகளின் வேறுபாடுகளைப் பிரதிபேதம் என்று தனியே காட்டினார். வேறுபாடுகளை அழித்துவிடவில்லை. அடுத்து வருபவர் தம் அறிவைக் கொண்டு எடைபோடட்டும் என்று விட்டுவைத்தார்.

ஆயினும் இந்த உவமை ஓரிடத்தில் உடைந்துபோகிறது. எனக்கு இதில் உண்மையான அக்கறை பிறந்ததும் அந்த இடத்தில்தான். காண்ட்ராவைப் பொறுத்தவரை மூலம் என்ற ஒன்று இருக்கிறது. ஜப்பானில் ஒரு நிறுவனத்தின் இசையமைப்பாளர்கள் ஒரு சில்லைக் கேட்டுக்கொண்டே எழுதினார்கள், நகல் அதைத் திரித்தது என்று சொல்லிவிடலாம். தைவானில் எழுதப்பட்ட இசையை என்ன சொல்வது? அங்கே 'தின் சென்' என்ற நிறுவனம் 'சாச்சென்' என்ற பெயரில் பல ஆட்டங்களைத் தானே எழுதி வெளியிட்டது. 'ஹம்மர் டீம்' என்று இன்று அறியப்படும் குழு, வேறு பெரிய கருவிகளின் புகழ்பெற்ற ஆட்டங்களை இந்தச் சிறிய கருவிக்கு இறக்கிக் கொடுத்தது. இவர்களுடைய கேசட்டுகள் போய்ச் சேர்ந்த வீடுகளில் இருந்தவை பெரும்பாலும் நகல் கருவிகள். பல நாடுகளில் அந்த இசையைக் கேட்டவர்கள் அனைவருமே நகல் சில்லின் வழியாகத்தான் கேட்டார்கள். ஜப்பானிய அசல் கருவியை நுண்ணளவிலும் பிசகாமல் போலச்செய்யும் இன்றைய மென்பொருளில் அந்தக் கேசட்டை ஓடவிட்டால், அந்த வீடுகளில் ஒருபோதும் ஒலித்திராத ஓர் இசை ஒலிக்கிறது. அதைச் சரியான பாடம் என்று எந்த நியாயத்தில் சொல்வது?

இன்றைய எமுலேட்டர்கள் சிலவற்றில் இதற்கென்றே ஒரு தேர்வு வைத்திருக்கிறார்கள். 'மெசன்' என்பதிலும் 'எஃப்சிஇயூஎக்ஸ்' என்பதிலும், சதுர அலையின் விகிதங்களை இடம்மாற்று என்று ஆணையிடலாம். மண்டலம் டெண்டி என்றும் குறிப்பிடலாம். பிழையைத் துல்லியமாகச் செய்வதற்கு ஒரு விசை! அந்தத் தேர்வைச் சேர்த்தவரை நேரில் கண்டால் கைகுலுக்குவேன்.

மீட்டெடுக்கும் வேலை எப்படி நடக்கிறது என்பதையும் சொல்ல வேண்டும். முதலில் கேசட்டைப் பிரிக்க வேண்டும். மலிவான கேசட்டுகளில் சில்லு என்று தனியாக ஒன்று தெரியாது. பலகையின் நடுவே ஒரு கரும்பசைப் பொட்டு இருக்கும். அதனடியில் நூலிழைக் கம்பிகளால் இணைக்கப்பட்ட சிலிக்கன் துணுக்கு. பொட்டைச் சுரண்டினால் எல்லாம் போயிற்று. எனவே கேசட்டின் பற்கள் வழியாகவே உள்ளிருப்பதை எண்ணெண்ணாகப் படித்தெடுக்கிறார்கள். ஒவ்வொரு தயாரிப்பாளரும் நினைவகப் பக்கங்களைப் புரட்டத் தமக்கென்று ஒரு முறை வைத்திருந்தார்கள். அதை யாரும் எழுதிவைக்கவில்லை. அந்த முறையை ஊகித்தறிவதற்கே சில வேளை மாதங்கள் ஆகும். பிறகு ஆட்டத்தின் நிரலிலிருந்து இசைக்கான பகுதியை மட்டும் பெயர்த்தெடுத்து, கெவின் ஹார்ட்டன் வகுத்த என்எஸ்எஃப் என்ற வடிவத்தில் சேமிக்கிறார்கள். இந்த வடிவத்தில் இருப்பது ஒலிப்பதிவு அன்று. பாடும் நிரலும் பாட வேண்டிய எண்களும்தான். சில்லு இருந்தால் பாடும். ராகக் குறிப்பும் சாகித்தியமும் கைவசம் இருந்து, பாடகருக்காகக் காத்திருப்பது போன்றது.

பாடகராக எதை வைப்பது என்பது அடுத்த சிக்கல். விசைகளைத் தட்டி விகிதங்களை மாற்றிவிடலாம், வேகத்தைக் குறைக்கலாம். குரல்கள் ஒன்றோடொன்று கலக்கும் அளவு நகலுக்கு நகல் வேறுபடுகிறது; ஒன்றில் அடித்தொனி ஓங்கும், ஒன்றில் இரைச்சல் அமுங்கும். ஆகவே பழைய கருவிகளைத் தேடி வாங்கி, அவற்றின் ஒலியைப் பதிவுசெய்து ஒப்பிடுகிறார்கள். 2005-இல் வந்த ஃபேமிடிராக்கர், 2019-இல் வந்த ஃபேமிஸ்டுடியோ போன்ற மென்பொருள்களில், காதால் கேட்டுக் கேட்டு வரிவரியாக மெட்டை மறுபடி எழுதுபவர்களும் உண்டு. சிலர் அந்தப் பழைய தைவான் குழுக்களின் பாணியிலேயே புதிய மெட்டுகளை எழுதுகிறார்கள். அந்தாதியும் கலம்பகமும் எழுதிப் பழகும் ஆர்வலர்களை நாம் அறிவோம். இவர்களும் அந்த இனம்தான்.

1994-இல் வெளிவந்த 'சோமாரி' என்ற ஆட்டத்தை இங்கே சொல்லாமல் விட முடியாது. செகா நிறுவனத்தின் 'சோனிக்' ஆட்டத்துக்குள் நிண்டெண்டோவின் மாரியோவைப் புகுத்தி, ஹம்மர் குழு செய்த விசித்திரம் அது. இரண்டு போட்டி நிறுவனங்களிடமிருந்தும் ஒரே மூச்சில் களவு. சோனிக்கின் இசையை 1991-இல் அமைத்தவர் 'டிரீம்ஸ் கம் ட்ரூ' இசைக்குழுவின் மசாட்டோ நகமுரா. அது ஒலித்த செகா கருவிக்குச் செறிவான ஆறு குரல்களும், அவற்றுக்குத் துணையாக எளிய குரல் நான்கும் உண்டு. பத்துப் பேர் பாடியதை ஐந்து பேருக்குள், அதிலும் ஒருவர் கரகரத்தவர், இன்னொருவருக்கு ஓசையை ஏற்றி இறக்கத் தெரியாது என்ற நிலையில், அடக்க வேண்டும். எதை விடுவது, எதை வைப்பது என்று யாரோ ஒருவர் தைவானில் உட்கார்ந்து முடிவு செய்திருக்கிறார். களவு களவுதான், நகமுராவுக்கு உரியது நகமுராவுக்கே. அதை நான் பூசி மெழுகவில்லை. ஆனால் வேறொருவர் நூலைத் திருடி மொழிபெயர்த்தவனின் மொழிபெயர்ப்புத் திறனைப் பற்றி ஒன்றுமே பேசக் கூடாது என்பதும் எனக்கு உடன்பாடில்லை.

இந்த இசையில் எங்கள் வீட்டோடு மிகவும் ஒட்டிக்கொண்டது ஓர் ஆட்டத்தின் இசைகூட அன்று. கேசட்டின் மேல் '9999999 ஆட்டங்கள்' என்று அச்சடித்திருக்கும். உள்ளே இருப்பது ஐந்தோ ஏழோதான், அவையே வேறு வேறு பெயர்களில் சுற்றிச் சுற்றி வரும். ஆட்டங்களின் பட்டியல் திரையில் தோன்றும்போது மெதுவாக ஒரு மெட்டு ஒலிக்கும். என் நினைவில் பின்னணியில் ஒரு கடற்கரை, பறக்கும் பறவைகள். எதை ஆடுவது என்று அண்ணனும் நானும் சண்டையிடும் நேரமெல்லாம் அந்த மெட்டு சுழன்றுகொண்டிருக்கும். அம்மாவுக்கு ஆட்டங்கள் பிடிக்காது, அந்தப் பாட்டு பிடிக்கும். "அந்தப் பாட்டை வைச்சுட்டுப் போங்கடா" என்பாள். கூடத்தில் பட்டியல் திரை ஓடிக்கொண்டிருக்க, முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருப்பாள்.

அது 'அன்செயின்ட் மெலடி' என்பது எனக்குக் கல்லூரி நாட்களில்தான் தெரிந்தது. 1955-இல் வெளிவந்த 'அன்செயின்ட்' என்ற அமெரிக்கச் சிறைப் படத்துக்காக அலெக்ஸ் நார்த் இசையமைக்க, ஹை ஸாரெட் எழுதிய பாடல். 1965-இல் ரைட்டியஸ் பிரதர்ஸ் பாடிப் புகழ்பெற்றது. 1990-இல் 'கோஸ்ட்' படத்தில் மீண்டும் ஒலித்து உலகெங்கும் பரவியது. அந்த அலையில்தான் அது கேசட் பட்டியலுக்கும் வந்து சேர்ந்திருக்க வேண்டும். அமெரிக்கச் சிறைவாசியின் ஏக்கம், தைவான் சில்லு வழியாக, காவிரிக்கரை வீடொன்றில் அரிசி புடைக்கும் ஓசையோடு கலந்தது. அலெக்ஸ் நார்த்துக்கு இதில் ஒரு காசும் சேர்ந்திராது.

அந்த மெட்டைச் சில்லுக்கு ஏற்ப எழுதியவர் யார்? பட்டியல் திரையில் பெயர் இல்லை, பெட்டியிலும் இல்லை. உரிமம் இல்லாத தொழிலில் பெயரைப் போட்டுக்கொள்வது வழக்குக்குக் கொடுக்கும் அழைப்பு. ருஷ்யாவிலும் போலந்திலும் இந்தியாவிலும் ஒரு தலைமுறை முழுவதும் மனப்பாடமாக அறிந்த இசையைத் தந்தவர் தம்மை மறைத்துக்கொண்டார். ஆர்வலர்கள் தங்களுக்குள் அதை 'அன்செயின்ட் மெலடி பட்டியல்' என்றே அழைக்கிறார்கள். பெயர் தெரியாத புலவரை அவர் பாட்டில் உள்ள தொடராலேயே செம்புலப் பெயனீரார் என்றும், தேய்புரிப் பழங்கயிற்றினார் என்றும், ஓரேருழவனார் என்றும் அழைத்தார்களே நம் தொகுப்பாளர்கள், அதே வழி. அந்தப் பெயர்களைச் சூட்டியவர் பெயரும் நமக்குத் தெரியாது.

இவற்றையெல்லாம் படித்த பிறகு ஓர் இரவு உட்கார்ந்து, எமுலேட்டரில் மண்டலத்தை டெண்டி என்று மாற்றினேன். விகிதங்களை இடம்மாற்றினேன். அந்தப் பட்டியல் மெட்டை ஓடவிட்டேன். கேட்டதும் ஒன்றும் சொல்லத் தோன்றவில்லை. அம்மா இறந்து ஆறு ஆண்டுகள் ஆகின்றன. பதிவுசெய்து அண்ணனுக்கு அனுப்பிவைத்தேன்.

காலையில் அவரே அழைத்தார். "இது சரியா இருக்குடா. இதான்," என்றார். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "ஆனா பின்னால 'ம்ம்ம்'னு ஒரு சத்தம் வருமே, அது இல்லையே?" என்று கேட்டார்.

உண்மைதான். ஆன்டெனா கம்பி வழியே கருவியைத் தொலைக்காட்சியோடு இணைத்திருந்த காலம் அது. மலிவான அடாப்டரிலிருந்து கசிந்த மின்சாரத்தின் ஓசை எல்லா மெட்டுக்கும் அடியில் தம்பூராபோல் மீட்டிக்கொண்டிருக்கும். எந்த நிரலிலும் அது எழுதப்படவில்லை. எந்தச் சில்லிலும் இல்லை. அந்த அடாப்டர் இன்னும் பரணில் கிடக்கிறது என்கிறார் அண்ணன். பொங்கலுக்குப் போகும்போது இறக்கிப் பார்க்க வேண்டும்.